கண்ணாடி பிம்பமாக ஓடும் 16 மி.மீ. டான்ஸ் பேண்ட் ரீல்: பிரிண்ட் கோளாறா, மாட்டியதில் பிழையா?

மாட்டுங்கா_16:

சோர் பஜார் மட்டன் ஸ்ட்ரீட்டில் கிடைத்த 16 மி.மீ. ரீல். கறுப்பு வெள்ளை, ஒலியுள்ளது. 400 அடி ஸ்பூலில் ஏறக்குறைய 330 அடி இருக்கிறது. ஒரு ஓரத்தில் மட்டும் துளை, மறு ஓரத்தில் சவுண்ட் டிராக். அமெரிக்க டான்ஸ் ஆர்க்கெஸ்ட்ரா வாசிக்கும் மூன்று சின்னப் படங்கள், ஒவ்வொன்றுக்கும் தனித் தலைப்பு. பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்ததில் 5 சாக்ஸஃபோன் (சாக்ஸ்), 3 டிரம்பெட், 3 டிராம்போன், பியானோ, கிதார், டபுள் பேஸ், டிரம்ஸ்.

அமெரிக்க புரொஜக்டர் ஒன்றில், 110 வோல்ட் ஸ்டெப்-டவுன் டிரான்ஸ்ஃபார்மர் வைத்து, முதல் 20 அடி மட்டும் ஓட்டியதில் மூன்று சிக்கல். திரையில் தலைப்பு எழுத்து எல்லாம் இடவலம் மாறி வருகிறது. பாடகியின் குரல் தூக்கக் கலக்கத்தில் பாடுவதுபோல் கனத்துக் கேட்கிறது. அந்த 20 அடி ஓட 40 வினாடி ஆனது. டப்பாவைத் திறந்தால் லேசாகக் காடி வாசனை.

ஃபிலிமைப் புரட்டி மாட்டினால் எழுத்து நேராகிவிடுமா? மாட்டுங்காவில் 30 பேர் உட்காரும் ஒரு அறையில் ஒருமுறை திரையிட்டுவிட்டு, பிறகு ஸ்கேன் செய்யலாம் என்று எண்ணம். எது முதலில், எது அடுத்தது?


ஒளிவாசல்:

பிரிண்ட் சரி. அதை அப்படித்தான் அச்சிட்டார்கள்.

மூன்று நிமிடப் படம், ஆளுக்கொரு தலைப்பு, இடவலம் மாறிய பிம்பம் என்றாலே சவுண்டீஸ் ஞாபகம் வர வேண்டும். சிகாகோவின் மில்ஸ் நாவல்டி கம்பெனி 1940இல் பனோரம் என்ற பெட்டியைக் கொண்டுவந்தது; அதில் ஓடிய பாட்டுப் படங்கள்தான் சவுண்டீஸ். ஜூக்பாக்ஸின் அண்ணன் என்று வையுங்கள். மதுக்கடை, ஓட்டல், ரயில் நிலையம் எல்லாவற்றிலும் நிறுத்தினார்கள். 10 சென்ட் காசு போட்டால் ஒரு பாட்டு. எந்தப் பாட்டு வேண்டுமென்று கேட்க முடியாது. ஒரு ரீலில் 8 படம் வட்டமாக இணைக்கப்பட்டிருக்கும், அடுத்து எது நிற்கிறதோ அதுதான். பெட்டிக்குள் இருந்த 16 மி.மீ. புரொஜக்டர், கண்ணாடிகள் வழியாகப் படத்தைத் திரையின் பின்பக்கத்தில் விழவைத்தது. அந்தப் பாதையில் இடவலம் மாறுவதைச் சரிக்கட்டத்தான் பிரிண்டையே மாற்றி அச்சிட்டார்கள். 1946 வரை 1,800க்கும் மேல் இப்படி எடுத்திருக்கிறார்கள்.

இதே படங்களைப் பின்னாளில் காஸில், அஃபீஷியல் போன்ற நிறுவனங்கள் வீட்டு புரொஜக்டருக்காக நேராக்கி விற்றன. உங்களிடம் இருப்பது மாறிய பிம்பம் என்றால், பெட்டிக்குள் ஓடிய ரீலிலிருந்து வெட்டி எடுத்த துண்டுகள் என்றே கொள்ளலாம். நிச்சயம் செய்ய ஒரு வழி: வேறு ஏதாவது சாதாரண 16 மி.மீ. ஒலி பிரிண்டை எடுத்து, இரண்டையும் துளை ஒரே பக்கம் வரும்படி, தலை மேலே இருக்கும்படி அடுத்தடுத்து வையுங்கள். ஒன்றில் எழுத்து நேராகவும் மற்றதில் மாறியும் இருந்தால் முடிந்தது கதை. வெறும் கண்ணால் ஒரே ஃபிலிமைப் பார்த்து முடிவுகட்டாதீர்கள். எந்தப் பக்கமிருந்து பார்க்கிறோம் என்பதைப் பொறுத்து அது மாறிக்கொண்டே இருக்கும்.

புரட்டி மாட்டவே கூடாது. ஒலி புரொஜக்டரில் ஃபிலிமை இழுக்கும் பல்சக்கரத்தில் (ஸ்ப்ராக்கெட்) ஒரு பக்கம்தான் பல் உண்டு. புரட்டினால் துளை எதிர்ப்பக்கம் போய், பல் சவுண்ட் டிராக்கில் ஏறிக் கடிக்கும். நான்கடி போவதற்குள் டிராக் முழுவதும் குத்துக் குத்தாகிவிடும். திரையில் நேராகப் பார்த்தே ஆக வேண்டுமென்றால், லென்ஸுக்கு முன்னால் 45 டிகிரியில் ஒரு முன்பூச்சுக் கண்ணாடி வைத்து புரொஜக்டரைப் பக்கவாட்டில் திருப்புங்கள். சாதாரண முகக்கண்ணாடி வேண்டாம். பூச்சு பின்னால் இருப்பதால் எல்லாம் இரட்டையாகத் தெரியும்.


ஒலித்தடம்:

40 வினாடி என்ற கணக்கிலேயே இரண்டாம் நோய் வெளிப்பட்டுவிட்டது. 16 மி.மீ.யில் அடிக்கு 40 ஃப்ரேம். 20 அடி என்றால் 800 ஃப்ரேம். 24 ஃப்ரேம் வேகத்தில் 33 வினாடியில் முடிய வேண்டும். உங்களுக்கு 40 ஆகியிருக்கிறது, அதாவது வினாடிக்கு 20 ஃப்ரேம்.

காரணம் மின்சாரம். டிரான்ஸ்ஃபார்மர் 230ஐ 110 ஆக்கும்; 50 ஹெர்ட்ஸை 60 ஆக்காது. அந்த புரொஜக்டரின் மோட்டார் 60 ஹெர்ட்ஸுக்கு வேகம் பூட்டப்பட்ட ரகம், நம் ஊர் கரண்ட்டில் ஆறில் ஐந்து பங்கு வேகத்தில்தான் சுற்றும். சுருதி மூன்று அரைச்சுரம் இறங்கிவிடும். ஐந்து கட்டைப் பாட்டை மூன்று கட்டையில் கேட்கிறீர்கள், அதுதான் தூக்கக் கலக்கம். சில மாடல்களில் 50 ஹெர்ட்ஸுக்கென்று பெரிய மோட்டார் புல்லி தனியாக உண்டு. பெல்ட்டை அதற்கு மாற்றினால் போதும். இல்லையென்றால் கவர்னர் (வேகத்தைத் தானே கட்டுப்படுத்தும் கருவி) வைத்த மோட்டார் உள்ள புரொஜக்டர் தேடுங்கள், அதற்கு ஹெர்ட்ஸ் பற்றிக் கவலையில்லை.


பித்தளைப்_பிரிவு:

பிம்பம் மாறியதா என்று பார்க்க எழுத்தே தேவையில்லை, கை போதும். டிரம்பெட்டின் மூன்று வால்வையும் வலக்கை விரல் அழுத்த வேண்டும். டிராம்போனை இடக்கை தாங்கும், வலக்கை சறுக்கும். டபுள் பேஸின் கழுத்தில் இடக்கை. கோட்டுப் பொத்தானில் ஆண்களுக்கு இடது மடிப்பு மேலே. ஒருவர் இடக்கைக்காரராக இருக்கலாம்; மூன்று டிராம்போனும் ஒரே நேரத்தில் இடக்கையால் சறுக்க வாய்ப்பில்லை. தலைப்பு கிழிந்துபோன ரீல்களுக்கு இதுதான் சோதனை.

காலத்துக்கும் இசைக்குழுவே சாட்சி. 1920களின் கடைசியில் எடுத்த படமென்றால் ட்யூபாவும் பாஞ்சோவும் தெரியும், சாக்ஸ் மூன்றுதான் இருக்கும். முப்பதுகளில் ட்யூபா இடத்துக்கு டபுள் பேஸும் பாஞ்சோ இடத்துக்குக் கிதாரும் வந்தாயிற்று. சாக்ஸ் நான்காகி, 1940 வாக்கில் ஐந்தாகிறது. நீங்கள் சொன்ன 5-3-3 அமைப்பு ஒளிவாசல் சொன்ன ஆண்டுகளோடு அப்படியே பொருந்துகிறது. நோட்டு ஸ்டாண்டின் முன்பலகையைப் பெரிதாக்கிப் பாருங்கள், பேண்ட் தலைவரின் முதலெழுத்தைப் பெரும்பாலும் அதில் பொறித்திருப்பார்கள். அதையும் கண்ணாடியில் காட்டித்தான் படிக்க வேண்டும்!

பம்பாய் பேண்டாக இருக்குமோ என்று யாராவது கேட்பதற்கு முன் சொல்லிவிடுகிறேன். தாஜ் ஓட்டலில் 1935இல் லியோன் ஆபியும், பிறகு டெடி வெதர்ஃபோர்டும் குழு நடத்தினார்கள். சிக் சாக்லேட் என்ற பெயரில் டிரம்பெட் ஊதிய கோவாக்காரர் ஆன்டோனியோ வாஸ், பின்னால் இந்திப் பட இசையமைப்பாளர் சி. ராம்சந்திராவுக்கு உதவியாளராக இருந்தார். ஆனால் பனோரம் பெட்டிக்கான படங்கள் அமெரிக்கச் சரக்கு. இந்த ரீலில் நம்மூர் ஆட்களைத் தேட வேண்டாம்.


ஆபரேட்டர்_சயான்:

தம்பி, எல்லாரும் பாட்டைப் பற்றிப் பேசுகிறார்கள், காடி வாசனையை யாரும் கண்டுகொள்ளவில்லை. இனி ஒரு அடிகூட புரொஜக்டரில் விடாதே. முதலில் அளவு எடு.

16 மி.மீ. எப்போதுமே சேஃப்டி ஃபிலிம்தான், நைட்ரேட் மாதிரி பற்றிக்கொள்ளும் பயம் இல்லை. ஆனால் சேஃப்டி ஃபிலிமின் அடிப்பொருளான அசிடேட் ஈரத்தில் சிதைந்து அசிடிக் அமிலம் விடும். அந்த அமிலமே மேலும் சிதைவைத் தூண்டும். பம்பாய் ஜூலை ஈரத்தில் மூடிய டப்பா என்றால் ஊறுகாய் ஜாடிதான். சிதையச் சிதைய ஃபிலிம் சுருங்கும். சுருங்கினால் துளைக்குத் துளை இடைவெளி குறையும், ஸ்ப்ராக்கெட் பல்லோ அதே அளவில் இருக்கும், துளை கிழியும்.

அளக்கிற விதம்: ஒரு மீட்டர் ஸ்டீல் ஸ்கேலை மேஜையில் வை. ஃபிலிமை இழுக்காமல், சுருளாமல் பக்கத்தில் படுக்கப் போடு. ஒரு துளையின் விளிம்பிலிருந்து தொடங்கி 100 ஃப்ரேம் தள்ளி அதே விளிம்பு வரை அள. புது பிரிண்ட் 762 மி.மீ. வரும். 758 என்றால் அரை சதவீதம் சுருங்கியிருக்கிறது. 754 என்றால் ஒரு சதவீதம், புரொஜக்டருக்குக் கும்பிடு போட்டுவிடலாம். தலையில், நடுவில், வாலில் என்று மூன்று இடத்தில் அள. வெளிச்சுற்று ஒரு மாதிரி, உள்சுற்று ஒரு மாதிரி சுருங்கியிருக்கும்.

வாசனையை மூக்கால் அளக்காதே, மூக்குக்குப் பழகிவிடும். ஏ-டி ஸ்ட்ரிப் என்று நீலக் காகிதத் துண்டு இருக்கிறது. டப்பாவில் போட்டு மூடி 24 மணி நேரம் விடு. நீலமாகவே இருந்தால் 0, முழு மஞ்சள் 3. ஒன்றரையைத் தாண்டினால் சிதைவு தன்னாலேயே வேகமெடுக்கும் கட்டம்.

கை ரீவைண்டரில் மெதுவாகச் சுற்று. இடது கை விரல் இரண்டால் ஓரத்தை மட்டும் தொட்டுக்கொண்டே போ; கிழிசலும் பழைய ஜாயின்ட்டும் விரலில் தட்டும். தட்டிய இடத்தில் ஒரு காகிதத் துண்டைச் செருகு. அங்கே நின்று சரிசெய்ய ஆரம்பிக்காதே, முழுக்கப் பார்த்துவிட்டுத் திரும்பி வா. செலோடேப் ஒட்டியிருந்தால் பசை பக்கத்துச் சுற்றுக்கும் ஊறியிருக்கும். 99 சதவீத ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சுத் துணியில் நனைத்து, ஓரத்தில் சோதித்த பிறகு துடை. தண்ணீர் பட்டால் எமல்ஷன் (படம் பதிந்திருக்கும் பூச்சு) ஊதிவிடும். காயும் முன் சுற்றாதே. நாப்தலீன் உருண்டை போடுகிற பழக்கம் சிலருக்கு உண்டு, அதை அலமாரித் துணியோடு வைத்துக்கொள்ளச் சொல்.


மாட்டுங்கா_16:

நன்றி அண்ணா. அளந்துவிட்டேன்: தலை 757, நடு 758, வால் 757. ஸ்ட்ரிப் பச்சை கலந்த நீலம், அட்டவணைப்படி 1. ஜாயின்ட் நான்கு, அதில் இரண்டு பழுப்பேறிய டேப். சாதாரண பிரிண்டோடு ஒப்பிட்டதில் ஒளிவாசல் சொன்னபடியே மாறி இருக்கிறது. திரையிடலைக் கைவிட்டு நேரே ஸ்கேனுக்குக் கொடுக்கிறேன்.

இரண்டு சந்தேகம். அன்று ஓட்டிய 20 அடியில் டிரம்மரின் குச்சி முதலில் விழுந்து சத்தம் பிறகு வந்தது. இது பிரிண்ட் கோளாறா? அடுத்து, ஸ்கேன் செய்பவரிடம் ஒலிக்கு என்ன சொல்ல வேண்டும்? படத்தை 60 ஃப்ரேமாக்கி, இரைச்சலை எல்லாம் நீக்கித் தருகிறேன் என்கிறார்.


ஒலித்தடம்:

16 மி.மீ.யில் ஒரு படத்துக்குரிய ஒலி அந்தப் படத்துக்கு 26 ஃப்ரேம் முன்னால் அச்சாகியிருக்கும். படம் ஒளிபெறும் வாசலான கேட்டிலிருந்து, ஒலியைப் படிக்கும் உருளையான சவுண்ட் டிரம் வரை ஃபிலிம் பாதையும் சரியாக 26 ஃப்ரேம் இருக்க வேண்டும். கேட்டுக்குக் கீழே ஃபிலிமைத் தளர்வாக விடும் வளைவை, அதாவது கீழ் லூப்பைப் பெரிதாக விட்டால் பாதை நீளும், ஒலி பிந்தும். லூப் சிறுத்தால் ஒலி முந்தும். இரண்டு ஃப்ரேம் கூடினாலே 83 மில்லிவினாடி. பேச்சில் தெரியாது, டிரம்மில் பளிச்சென்று தெரியும்.

ஆனால் அவசரப்பட்டு லூப்பைக் குறை சொல்லாதீர்கள். சவுண்டீஸ் எல்லாம் பிளேபேக் போட்டு எடுத்தவை. பாட்டை முதலில் பதிவு செய்துவிட்டு, படப்பிடிப்பில் அதற்கு வாயசைத்து, கையசைத்து நடித்தார்கள். நம் சினிமாப் பாட்டு எடுப்பதுபோலத்தான். டிரம்மர் மெத்தனமாக நடித்திருந்தால் குச்சியும் சத்தமும் பிறவியிலேயே ஒட்டாது. எப்படிப் பிரித்தறிவது? மூன்று பாட்டிலும், எல்லா ஷாட்டிலும் பிந்துவது ஒரே அளவு என்றால் லூப். ஷாட்டுக்கு ஷாட் மாறினால் நடிப்பு. முதல் வகையை மட்டும் திருத்துங்கள். இரண்டாவதைத் திருத்தப் போனால், ஒரு ஷாட்டைச் சரிசெய்து அடுத்ததைக் கெடுப்பீர்கள்.

ஸ்கேனருக்குச் சொல்ல வேண்டியது: ஓவர்ஸ்கேன். படச் சட்டத்தோடு துளை ஓரமும் டிராக்கும் முழுசாகத் தெரிய வேண்டும். 24 ஃப்ரேம், அதற்கு மேல் ஒரு ஃப்ரேமும் வேண்டாம். டிராக்கும் படத்தில் வந்துவிட்டால் ஏஇஓ-லைட் என்ற மென்பொருளால் அந்தப் பிம்பத்திலிருந்தே ஒலியை எடுத்துவிடலாம். சவுத் கரோலினா பல்கலைக்கழகம் வெளியிட்டது, இலவசம். ஃப்ரேமுக்குச் சுமார் 1,500 பிக்ஸல் உயரம் என்றால் வினாடிக்கு 36,000 மாதிரி கிடைக்கும். 16 மி.மீ. டிராக்குக்கு இது தாராளம். இந்த ஃபிலிம் வினாடிக்கு 7.2 அங்குலம்தான் நகர்கிறது, 35 மி.மீ.யில் 18 அங்குலம். 6,000 ஹெர்ட்ஸ் ஒலியின் ஓர் அலை இங்கே 0.03 மி.மீ.க்குள் அடங்க வேண்டும். அதற்கு மேல் சிம்பல் சத்தத்தைத் தேடினால் கிடைக்காது, அச்சிலேயே இல்லை.

புரொஜக்டர் வழியாக ஒலி எடுப்பவர் என்றால், சவுண்ட் லென்ஸின் ஃபோகஸை இந்த ரீலுக்கே திருத்தச் சொல்லுங்கள். எமல்ஷன் எந்தப் பக்கம் என்பதைப் பொறுத்து அது மாறும். காதில் கூர்மை கூடும் இடம் வரை திருக வேண்டும். 100 ஹெர்ட்ஸில் ரீங்காரம் கேட்டால் எக்ஸைட்டர் லாம்ப் (டிராக்கில் ஒளி பாய்ச்சும் விளக்கு) ஏசி மின்சாரத்தில் எரிகிறது. 24 ஹெர்ட்ஸில் படபடவென்று அடித்தால் ஒளிக்கீற்று விலகிப் படத்தின் ஓரத்தில் ஏறுகிறது. சவுண்ட் டிரம்முக்கு முன்னால் உள்ள ரோலரைப் பக்கவாட்டில் நகர்த்தினால் போய்விடும்.

இரைச்சல் நீக்குவதில் நான் கஞ்சன். முதலில் தூசியால் வரும் டப்-டப்பை மட்டும் எடுங்கள். அதன் பிறகு, பாட்டு தொடங்குமுன் தலைப்பு அட்டையின் அடியில் ஒலி இல்லாத அரை வினாடி இருந்தால் அதை மாதிரியாக வைத்து 6 டெசிபல் குறைக்கலாம், அவ்வளவுதான். ஸ்னேர் டிரம்மில் கம்பித் துடைப்பம் உரசும் ஓசையும் ஃபிலிம் இரைச்சலும் மென்பொருளுக்கு ஒன்றுபோலவே தெரியும். 15 டெசிபல் குறைத்தால் டிரம்மர் குச்சியைக் கீழே போட்டுவிட்டுச் சும்மா உட்கார்ந்திருப்பார்.


ஒளிவாசல்:

60 ஃப்ரேம் யோசனையை வாசலிலேயே நிறுத்துங்கள். டிராம்போன் சறுக்கு வேகமாகப் போகும்போது நடு ஃப்ரேம்களை மென்பொருள் கற்பனையில் வரையும். பித்தளைக் குழாய் ரப்பர் மாதிரி வளையும்.

பாதுகாப்புக் கோப்பைப் புரட்டாமல், மாறிய பிம்பமாகவே வையுங்கள். பனோரம் பிரிண்ட் என்பதற்கு அதுதான் அடையாளம். பார்ப்பதற்கான பிரதியை மட்டும் இடவலம் திருப்புங்கள். இட அளவுக்குக் கணக்கு: 330 அடி என்றால் 13,200 ஃப்ரேம். 2கே, 10 பிட் டிபிஎக்ஸ் (ஃப்ரேமுக்கு ஒரு கோப்பாகச் சேமிக்கும் வடிவம்) ஒரு ஃப்ரேம் ஏறத்தாழ 12.7 எம்பி, மொத்தம் 168 ஜிபி வரும். இரண்டு தனித்தனி ஹார்ட் டிஸ்க்.

ஓரத்தில் கோடாக் என்ற எழுத்தும் வட்டம், சதுரம், முக்கோணம், கூட்டல் குறி ஏதாவதும் இருக்கிறதா பாருங்கள். அது ஃபிலிம் தயாரான ஆண்டுக்கான குறி; 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும், ஆகவே 1940களா 1960களா என்பதை வேறு சான்றோடு சேர்த்துத்தான் சொல்ல முடியும். கறுப்பாகத் தெரிவது இந்த பிரிண்டின் குறி. கறுப்பு ஓரத்தில் வெள்ளையாகத் தெரிந்தால் நெகட்டிவிலிருந்து அச்சாகி வந்தது. இரண்டையும் குழப்பி பிரிண்டைப் பத்து வருஷம் பழசாக்குகிறவர்கள் ஏராளம்.


பித்தளைப்_பிரிவு:

ஜாயின்ட்டில் ஃப்ரேம் போயிருந்தால் தாளமும் போயிருக்கும். நிமிடத்துக்கு 160 தட்டு வேகத்தில் ஒரு தட்டுக்கு 9 ஃப்ரேம். மூன்று ஃப்ரேம் குறைந்தால் தட்டில் மூன்றில் ஒரு பங்கு காணோம், ஆடுகிற கால் தடுக்கும். படம் குதித்து 26 ஃப்ரேம் கழித்து, அதாவது ஒரு வினாடிக்குச் சற்று மேல், ஒலி குதிக்கும். அதனால் புரொஜக்டர் வழி எடுத்த கோப்பில் ஒரே இடத்தில் இரண்டையும் தேடாதீர்கள். அதே பல்லவி பாட்டில் இன்னொரு இடத்தில் பழுதில்லாமல் வருகிறதா என்று பாருங்கள். டான்ஸ் பேண்ட் ஏற்பாடுகளில் பெரும்பாலும் வரும். தட்டு எண்ணிப் பார்த்தால் எத்தனை ஃப்ரேம் போயிற்று என்று தெரிந்துவிடும். அத்தனை கறுப்பு ஃப்ரேமைச் செருகி இடத்தை நிரப்பலாம். ஒலியை வேறிடத்திலிருந்து ஒட்டினால் கோப்புக் குறிப்பில் எழுதி வையுங்கள்.

உரிமை பற்றி இரண்டு வரி. இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்கும் ஒலிப்பதிவுக்கும் வெளியான ஆண்டுக்கு அடுத்து 60 ஆண்டு. நாற்பதுகளின் படம் அதைத் தாண்டிவிட்டது. பாட்டின் மெட்டும் வரியும் தனிக் கணக்கு: இயற்றியவர் இறந்தபின் 60 ஆண்டு. இணையத்தில் ஏற்றுமுன் பாட்டுக்குப் பாட்டு பாருங்கள். பொது இடத்தில் போடுவதானால் ஐபிஆர்எஸ் (பாடலாசிரியர், இசையமைப்பாளர் உரிமை அமைப்பு) உரிமமும் தணிக்கைச் சான்றும் தேவைப்படுமா என்று கேட்டுவிட்டு நாள் குறியுங்கள்.


ஆபரேட்டர்_சயான்:

757 என்றால் 0.65 சதவீதம். ஸ்கேனர் பல்லில்லாத ரோலர் வகையாக இருந்தால் பயமே இல்லை. பல் வைத்த பழைய டெலிசினி (ஃபிலிமை வீடியோவாக்கும் கருவி) என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடு.

கொடுக்கும் முன் பழுப்பு டேப் இரண்டையும் எடுத்துவிட்டுப் புது ஸ்ப்ளைசிங் டேப்பை இரண்டு பக்கமும் ஒட்டு. ஃப்ரேம் கோட்டில் மட்டும் ஒட்டு, துளையை மூடாதே, டிராக் மேல் மடிப்பு வராமல் பார். ஃப்ரேம் எதையும் வெட்டாதே. தலையிலும் வாலிலும் ஆறாறு அடி வெள்ளை லீடர் (படமில்லாத வெற்று ஃபிலிம்) சேர்த்து, தலை வால் எது என்று லீடரில் எழுது. ஸ்கேன் முடிந்து வந்ததும் வேகமாக ரீவைண்ட் பண்ணாமல், வால் வெளியே இருக்கும்படி தளர்வாக விடு. இரும்பு டப்பாவைத் தூக்கிப் போட்டுவிட்டு, காற்று போகிற பிளாஸ்டிக் டப்பா வாங்கு. மற்ற ரீல்களோடு ஒரே அலமாரியில் வைக்காதே, ஆவி அவற்றுக்கும் தொற்றும். மழைக்காலம் முடியும் வரை ஏசி அறை. ஜனவரியில் மறுபடி ஸ்ட்ரிப் போட்டுப் பார்த்து, 1.5 வந்தால் இங்கேயே எழுது.